ஏலமலைப் பள்ளிக்கூடமும் தமிழ்ப் பிள்ளைகளும்

கம்பம்மெட்டு வழியே மலையேறி வண்டன்மேட்டை அடையும் தமிழருக்கு முதலில் மயக்கம் தருவது 'பள்ளி' என்னும் சொல்லாகும். நமக்கு அது பிள்ளைகள் படிக்கும் இடம். மலையாளத்திலோ அது கிறிஸ்தவர்களின் தேவாலயத்தையும் இஸ்லாமியரின் தொழுகையிடத்தையும் குறிக்கும். படிக்கும் இடத்தைப் 'பள்ளிக்கூடம்' என்று முழுதாகச் சொல்ல வேண்டும். இடுக்கி மாவட்டத்து மலையூர்கள் பலவற்றில் இவ்விரண்டும் அடுத்தடுத்தே நிற்பதால், சொல் மயங்கினாலும் வழி தவறுவதில்லை.

இவ்வாறு கோயிலும் கல்விச்சாலையும் அருகருகே அமைந்ததற்கு வரலாறு உண்டு. சிரிய கத்தோலிக்கரின் தலைமைக் குருவாயிருந்த குரியாக்கோஸ் ஏலியாஸ் சாவரா அடிகள், கோயில்தோறும் ஒரு பள்ளிக்கூடம் நிறுவப்பட வேண்டும் என்று 1864ஆம் ஆண்டில் ஆணையிட்டார். 'பள்ளிக்கூடம்' என்ற சொல்லே அன்றுதான் பிறந்தது எனக் கூறுவாரும் உளர். அஃது ஏற்கத்தக்கதன்று, தமிழில் அச்சொல் அதற்கு முன்பே வழங்கியது. ஆயினும் அவ்வாணையின் பயன் பெரிது. இருபதாம் நூற்றாண்டின் நடுவில், உணவுப் பஞ்சம் நிலவிய காலத்தில், பாலா, காஞ்சிரப்பள்ளி முதலிய ஊர்களிலிருந்து உழவர் குடும்பங்கள் மலையேறின. அவர்கள் குடியேறிய இடங்களில் முதலில் ஓலைக் கொட்டகையில் வழிபாடும், பின்னர் அதனருகே வகுப்பும் தோன்றின. கட்டப்பனையின் புனித ஜார்ஜ் பள்ளி, வெள்ளயாங்குடியின் புனித ஜெரோம் பள்ளி போன்றவை இம்மரபில் வந்தவை.

இப்பள்ளிகளுள் பலவற்றில் ஆண், பெண் இருபாலரும் சேர்ந்தே பயில்கின்றனர். இது சமயத் தலைமையின் பழைய விருப்பத்திற்கு மாறானது. இருபாலரையும் ஒருங்கே பயிற்றுவதைத் திருத்தந்தை பதினோராம் பயஸ் 1929ஆம் ஆண்டுச் சுற்றுமடலில் கண்டித்திருந்தார். ஆனால் மலைச்சரிவில் சிதறிக் கிடக்கும் வீடுகளுக்கு இரண்டு பள்ளி கட்டுதல் எளிதோ? தேவை கொள்கையை வென்றது.

இனி நம் பிள்ளைகளைப் பற்றிக் காண்போம். கம்பம், போடி, தேவாரம் பகுதிகளிலிருந்து ஏலத்தோட்ட வேலைக்குச் சென்று, லயங்களிலே தங்கிவிட்ட குடும்பங்கள் பல. 1956 நவம்பர் முதல் நாள் மாநிலங்கள் திருத்தியமைக்கப்பட்டபோது தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தில் நின்றன. அவ்வாறே உடும்பன்சோலைப் பகுதித் தமிழரும் அங்கே மொழிச் சிறுபான்மையோராயினர். பள்ளியை நடத்தும் கத்தோலிக்கரோ சமயச் சிறுபான்மையோர். தாம் விரும்பும் கல்வி நிலையங்களை நிறுவி நடத்தும் உரிமையை அரசியலமைப்பின் 30ஆவது பிரிவு இவ்விரு சாராருக்கும் ஒருங்கே வழங்குகிறது. கத்தோலிக்கர் அதனை நன்கு பயன்கொண்டனர். கூலி வேலைக்குச் சென்ற நம்மவருக்கு அதற்குரிய பொருளும் அமைப்பும் வாய்க்கவில்லை. ஆகவே ஒரு சிறுபான்மையோரின் பிள்ளை மற்றொரு சிறுபான்மையோரின் பள்ளியில் அமர்ந்து படிக்கிறது.

அப்பிள்ளைக்கு அங்கே உரிமை உண்டா? உண்டு. அரசின் நிதியுதவி பெறும் பள்ளி, சமயம், இனம், சாதி, மொழி ஆகியவற்றை மட்டும் காரணமாகக் காட்டி எவரையும் விலக்குதல் கூடாதென்பது 29ஆவது பிரிவு. பெற்றோரின் இசைவின்றி எப்பிள்ளையையும் சமய போதனையில் ஈடுபடுத்தலாகாது என்பது 28ஆவது பிரிவு. கேரளக் கல்வி மசோதா பற்றி 1958ஆம் ஆண்டு மே மாதத்தில் கருத்துரைத்த உச்ச நீதிமன்றம், பிற சமூகத்தார் சிலரைச் சேர்த்துக்கொள்வதால் சிறுபான்மையோர் பள்ளி தன் தன்மையை இழந்துவிடாது என்றும் தெளிவாக்கியது.

மொழியைப் பொறுத்தவரை நிலைமை இத்துணை உறுதியாக இல்லை. 1956இல் சேர்க்கப்பட்ட 350அ பிரிவு, தாய்மொழியில் கற்பிக்கப் போதிய வசதி செய்ய மாநிலங்கள் 'முயல வேண்டும்' என்கிறது. சட்டத்தை மொழிபெயர்ப்பவன் 'முயல' என்னும் அச்சொல்லருகே சற்றே நின்றுதான் மேலே செல்வான். அதுவும் தொடக்கக் கல்விக்கு மட்டுமே. உயர்நிலை வகுப்பில்தான் நம் பிள்ளைகள் தமிழ் எழுத்தை மறக்கின்றனர். வீட்டில் தமிழ் பேசுவர். ஊரிலுள்ள பாட்டி எழுதும் கடிதத்தைப் படிக்கத் தெரியாது விழிப்பர்.

இதற்கு வழியில்லாமலில்லை. கேரளப் பத்தாம் வகுப்புத் தேர்வைத் தமிழ் வழியிலும் எழுதலாம். மலையாளம் அல்லது ஆங்கில வழியில் பயில்வோரும் முதல் மொழித் தாளுக்குத் தமிழைத் தேர்ந்துகொள்ளலாம். ஆனால் கற்பிக்க ஆசிரியர் வேண்டுமே! உதவிபெறும் பள்ளியில் ஆசிரியரை நியமிப்பவர் மேலாளர். ஊதியம் தருவது அரசு. பணியிடத்தை முடிவு செய்வது மாணவர் எண்ணிக்கை. அவ்வெண்ணிக்கை ஜூன் மாதம் பள்ளி திறந்த ஆறாவது வேலை நாளன்று எடுக்கப்படுகிறது. 1949ஆம் ஆண்டுக் கல்வி அமைச்சர்கள் மாநாடு தொடக்கப் பள்ளிக்கு வகுத்த அளவு, வகுப்பில் 10 பேர் அல்லது பள்ளியில் 40 பேர். உயர்நிலையிலும் தலை எண்ணிக்கையே பேசும்.

கோடை விடுமுறைக்குக் கம்பம் பக்கம் வரும் குடும்பங்கள், ஊர்த் திருவிழா முடியட்டும் என்று ஜூன் நடுவில் மலையேறுவதுண்டு. அதற்குள் ஆறாம் நாள் கழிந்துவிடும். தமிழ் கேட்கும் பெற்றோர் சேர்க்கையின்போதே, மொழியை எழுத்து மூலம் குறித்து, தலைமையாசிரியரிடம் கொடுத்துவிடுதல் நலம். தனித்தனியே செல்வதைவிட, அதே லயத்திலுள்ள மற்றப் பெற்றோரையும் உடன் அழைத்துக்கொண்டு ஒரே நாளில் செல்லலாம்.