தார் பாலைவனம்: எல்லைக்கோட்டின் இருபுறமும் ஒரே சனம்

இந்தியாவின் ராஜஸ்தான், குஜராத் மாநிலங்களிலும் பாகிஸ்தானின் சிந்து மாகாணத்திலுமாக விரிந்து கிடப்பது தார் பாலைவனமாகும். ஏறத்தாழ இரண்டு இலட்சம் சதுர கிலோமீற்றர் பரப்புடைய இந்நிலத்தின் பெரும்பகுதி இந்தியாவுக்கு உரியது. போர்ச் செய்திகளிலும் எல்லைப் பதற்றச் செய்திகளிலுமே இதன் ஊர்ப் பெயர்கள் நமது கண்ணில் படுகின்றன. ஆனால் உலகின் பாலைவனங்களுள் மக்கள் மிக அடர்த்தியாக வாழ்வது இங்குதான். வேண்டிய வேளையில் வேண்டிய திசைக்குப் பெயர்ந்து செல்ல முடிந்ததனாலேயே அவர்கள் நூற்றாண்டுகளாக இம்மணலில் நிலைத்திருந்தனர். இதை விளங்கிக்கொண்டால்தான் 1947 இல் வரையப்பட்ட கோடு அவர்களிடமிருந்து பறித்தது எது என்பது புலனாகும்.

இங்கு ஆண்டுக்கு 100 முதல் 500 மில்லிமீற்றர் வரையிலான மழையே கிடைக்கிறது. அதுவும் பருவக்காற்று வீசும் சில வாரங்களுக்குள் பெய்து ஓய்ந்துவிடும். அம்மழையை நம்பிக் கம்பும் கொத்தவரையும் பயறும் விதைக்கின்றனர். மழை பொய்த்தால் ஆடுமாடுகளுடன் ஊரே புறப்பட்டுவிடும். சிந்துப் பகுதியினர் 1932 இல் திறக்கப்பட்ட சுக்கூர் அணையின் வாய்க்கால் நிலங்களுக்கு அறுவடைக் கூலிகளாகச் செல்வர். முற்காலத்தில் கிழக்கே மார்வார் நாடும் தெற்கே கட்ச் புல்வெளிகளும் அவர்களுக்குத் திறந்தே இருந்தன. நமது கோயில்களில் தலவிருட்சமாகப் போற்றப்படும் வன்னி மரமே அங்கும் உயிர்நாடி. அதன் இலை கால்நடைக்குத் தீவனம்; காய் மனிதருக்குக் கறி. பழந்தமிழ்ப் புலவர் கண்ட பாலை, வெயிலில் திரிந்த முல்லையும் குறிஞ்சியுமேயன்றி இத்தகைய மணற்காடு அன்று. எனினும் பாலைக்குரிய பொருள் பிரிவு என்று அவர்கள் வகுத்தமை தாருக்கும் பொருந்திவிட்டது.

பாலைவனத்தின் தெற்கே கட்ச் ரான் எனப்படும் உப்புச் சமவெளி உள்ளது. மழைக்காலத்தில் ஆழமற்ற நீர்ப்பரப்பாகவும் கோடையில் வெண்மையான உப்புத் தரையாகவும் அது காட்சி தருகிறது. அதன் மேற்கு ஓரத்தில் ஒரு காலத்தில் சிந்து நதியின் கிழக்குக் கிளையொன்று பாய்ந்தது. லக்பத் துறைமுகம் அந்நதியினால் செழித்தது. சுற்றுப்புறத்தில் நெல் விளைந்தது. 1819 ஜூன் 16 ஆம் திகதி ஏற்பட்ட பெரும் நிலநடுக்கத்தில் சிந்திரிக் கோட்டையைச் சூழ்ந்த நிலம் தாழ்ந்து நீருள் மூழ்கியது. அதற்கு வடக்கே ஏறத்தாழ 80 கிலோமீற்றர் நீளத்துக்கு நிலம் மேடாக உயர்ந்து நதியின் வழியை மறித்தது. மனிதர் கட்டிய அணைகளையே அதுவரை அறிந்திருந்த மக்கள் இதனை ‘அல்லாஹ் பந்த்’, அதாவது அல்லாஹ்வின் அணை என்று அழைத்தனர். 1826 இல் வந்த வெள்ளம் அம்மேட்டை உடைத்துப் பாய்ந்தபோதிலும் நதி பழையபடி திரும்பவில்லை. லக்பத்தில் இன்று எஞ்சியிருப்பது நீண்ட கோட்டை மதிலும் அதனுள் ஒரு சில குடும்பங்களுமே.

சமய வாழ்வைப் பற்றிச் சற்று விரிவாகவே கூற வேண்டும். ஷேர் ஷாவிடம் தோற்று அலைந்த ஹுமாயூனுக்கு உமர்கோட்டில் அடைக்கலம் அளித்தவர் ராணா பிரசாத் என்ற இந்து மன்னராவார். பேரரசர் அக்பர் 1542 ஒக்டோபர் 15 இல் பிறந்தது அங்கேதான். ராஜபுத்திரக் குடும்பங்களின் வம்சாவளியைத் தலைமுறை தலைமுறையாக மனத்தில் காத்து, அவர்களது திருமணங்களில் பாடுவோர் மாங்கணியார் எனப்படும் முஸ்லிம் இசைக் குலத்தினர். பொக்ரானுக்கு அருகில் ராம்தேவ் பீரின் சமாதியில் இரு சமயத்தவரும் வழிபடுகின்றனர். இந்துக்கள் பெருமளவில் வாழும் மித்தி நகரில், அயலவரின் மனம் நோகக்கூடாதென முஸ்லிம்கள் பசுவை அறுப்பதைத் தவிர்த்து வருவதும் முஹர்ரம் நிகழ்வுகளில் இந்துக்கள் கலந்துகொள்வதும் பலராலும் எடுத்துக்காட்டப்படுபவை. தாரில் சாதி ஒடுக்குமுறையும் கடன் அடிமைத்தனமும் இல்லையென்று இதனால் கூறிவிட முடியாது. மேக்வார், கோலி, பீல் மக்கள் அவற்றை நன்கறிவர். ஆயினும் சமயம் அங்கு ஊரைப் பிளக்கும் கோடாக இருக்கவில்லை.

பிளந்தது வேறொரு கோடு. பிரிவினையின்போது கோக்ராபார் வழியாக முஸ்லிம் அகதிகள் சிந்துக்கு வந்தனர். இந்துக்கள் எதிர்த்திசையில் சென்றனர். 1965 ஏப்ரலில் ரான் பகுதிக்காக இரு நாட்டுப் படைகளும் மோதின. பிணக்கை விசாரித்த சர்வதேச நடுவர் மன்றம் 1968 பெப்ரவரியில் தீர்ப்பளித்து, பாகிஸ்தான் கோரியதில் பத்தில் ஒரு பங்கை அதற்கு வழங்கியது. அவ்வாறு வழங்கப்பட்டவற்றுள் தாரா பன்னி, சட் பெட் ஆகிய புல்வெளிகளும் அடங்கும். சிந்துப் பகுதி மக்கள் நெடுங்காலமாக அங்கு மாடு மேய்த்து வந்தமையை மன்றம் கருத்திற் கொண்டது. இப்பிரதேசத்தின் எல்லை வரலாற்றில் மேய்ப்பனின் வழக்கம் மதிக்கப்பட்ட அரிய தருணம் அதுவாகும்.

1971 டிசெம்பர் போரில் சாச்ரோவையும் நாகர்பார்க்கரையும் இந்தியப் படை கைப்பற்றியது. அடுத்த ஆண்டின் சிம்லா உடன்படிக்கையை அடுத்து நிலம் திருப்பியளிக்கப்பட்டது. ஆனால் பல்லாயிரக்கணக்கான இந்துக்கள் ராஜஸ்தானிலும் கட்சிலுமே தங்கிவிட்டனர். அவர்களுள் பெண்கள் கொண்டுவந்த சொத்து ‘சூஃப்’ என்னும் தையற்கலை. துணியில் எதுவும் வரையாமல், இழைகளை எண்ணியெண்ணி மறுபுறத்திலிருந்தே முக்கோண வடிவங்களைத் தைப்பது அது. இன்று கட்ச் கைவினையாக விற்பனையாகும் அதன் பிறப்பிடம் எல்லைக்கு அப்பால் உள்ளது.

உமர்கோட் பகுதியில் வாழும் சோதா ராஜபுத்திரரின் நிலையே இன்று மிகவும் இக்கட்டானது. தமது குலத்துக்குள் மணம் முடிப்பது அவர்களுக்கு விலக்கு. பிற ராஜபுத்திரக் குலங்களோ பெரும்பாலும் இந்தியாவிலேயே உள்ளன. எனவே மகனுக்குப் பெண் எடுக்கவும் மகளைக் கொடுக்கவும் வீஸா தேவைப்படுகிறது. 1965 இல் துண்டிக்கப்பட்ட முனாபாவோ – கோக்ராபார் புகையிரதப் பாதை 2006 பெப்ரவரியில் மீளத் திறக்கப்பட்டபோது இக்குடும்பங்களே பெரிதும் மகிழ்ந்தன. அச்சேவை 2019 ஒகஸ்டில் நின்றுபோனது. பின்னர் சில கிலோமீற்றர் தொலைவிலுள்ள ஊருக்குச் செல்வதற்கும் வடக்கே பஞ்சாப் வரை பயணித்து அட்டாரி வழியாகச் சுற்ற வேண்டியதாயிற்று. 2025 ஏப்ரலில் பஹல்காம் தாக்குதலைத் தொடர்ந்து அவ்வழியும் மூடப்பட்டது. அந்நாட்களில் ராஜஸ்தானின் பார்மர் மாவட்டத்திலிருந்து சிந்துக்குப் புறப்பட்ட மணமகன் ஒருவர், உறவினர் சகிதம் அட்டாரி வரை சென்று, திருமணம் நடைபெறாமலே ஊர் திரும்பினார்.