இந்துமதி கதிரேசன்

இந்துமதி கதிரேசன் (பிறப்பு: 1994, கடலூர்) இந்தியப் பெண்கள் தேசியக் காற்பந்து அணிக்காக ஆடிய தமிழ்நாட்டு வீராங்கனை ஆவார். நடுக்கள ஆட்டக்காரரான இவர் தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளராகவும் பணிபுரிந்தவர். இந்திய மகளிர் லீக் பட்டத்தை மூன்று வெவ்வேறு கழகங்களில் இருந்து வென்றுள்ளார். அவற்றுள் முதலாவது, விருதுநகர் மாவட்டக் கல்லூரி ஒன்றின் பின்புலத்தில் உருவான சேது காற்பந்துக் கழகம் ஆகும்.

நடுக்களம்

காற்பந்தில் தற்காப்பு வரிசைக்கும் முன்வரிசைக்கும் இடைப்பட்ட பகுதி நடுக்களம் எனப்படும். எதிரணியிடம் இருந்து பந்தைப் பறிப்பது, அதை இழக்காமல் வைத்திருப்பது, முன்னால் ஓடுபவரின் காலுக்குச் சரியான நேரத்தில் சேர்ப்பது ஆகியவை இங்கு ஆடுவோரின் பணிகள். ஆட்டத்தில் மிகுதியாக ஓடுபவர்களும் பெரும்பாலும் இவர்களே. எனினும் கோல் அடித்தவர் பெயர் மட்டுமே பதிவாகும் நம் நாட்டு ஆட்டக் குறிப்புகளில் இவர்களது உழைப்பு எளிதில் மறைந்துவிடுகிறது. இந்துமதி கோலும் அடிக்கும் நடுக்கள வீராங்கனை என்பதால் ஓரளவு தப்பித்தார் எனலாம்.

இளமைக்காலம்

கடலூரில் இயங்கிய இந்திரா காந்தி விளையாட்டு மற்றும் கல்விக் கழகத்தில் இவர் பயிற்சி பெற்றார். பயிற்றுநர் மாரியப்பனின் முயற்சியால் வளர்ந்த இக்கழகம், 2004 ஆழிப்பேரலையால் பாதிக்கப்பட்ட குடும்பங்களின் சிறுமியர் உட்படப் பலரைக் காற்பந்துக்குக் கொண்டுவந்தது. தமிழ்நாட்டுப் பெண்கள் அணியில் கடலூர்ப் பெயர்கள் மிகுதியாகக் காணப்படுவதற்கு இதுவே முதன்மைக் காரணம்.

கழக ஆட்டம்

ஒரு செருமானிய நடுக்கள வீரரின் வாழ்க்கையை எழுதுவது எளிது. 1963இல் தொடங்கிய புண்டசுலீகாவில் 18 கழகங்கள் ஆடுகின்றன. ஒவ்வொன்றும் ஒரு பருவத்தில் 34 ஆட்டங்கள் ஆடும். எந்தப் பருவத்தில், எந்தக் கழகத்தில், எத்தனை ஆட்டம் என்று அட்டவணை போட்டாலே பாதிக் கதை முடிந்துவிடும். செருமனியில் பெண்களுக்கும் 1990இலேயே தனி புண்டசுலீகா தொடங்கப்பட்டது.

இந்தியாவில் தேசிய அளவிலான மகளிர் லீக் 2017 சனவரியில்தான், தில்லியில் ஆறு அணிகளுடன் இறுதிச்சுற்றை நடத்தியது. பெயர் லீக் என்றாலும், தொடக்க ஆண்டுகளில் அது ஒரே ஊரில் சில வாரங்களுக்குள் முடியும் தொடராகவே இருந்தது. ஆண்டின் எஞ்சிய மாதங்களில் வீராங்கனைகளுக்குக் கழக ஆட்டம் என்று சொல்லும்படி அதிகம் இருக்கவில்லை.

மதுரையைத் தளமாகக் கொண்ட சேது கழகம் 2016இல் உருவானது. இதன் பின்புலமாக உள்ள சேது தொழில்நுட்பக் கல்லூரி, விருதுநகர் மாவட்டம் காரியாபட்டியை அடுத்த புல்லூரில் அமைந்துள்ளது. பட்டாசு, தீப்பெட்டி, அச்சுத்தொழில் ஆகியவற்றால் வெளியூர்களில் அறியப்படும் மாவட்டம் இது. சிவகாசி, சாத்தூர் பகுதிகள் தெற்கே இருக்க, காரியாபட்டி மாவட்டத்தின் வடபகுதியில் மதுரைக்கு அருகே உள்ளது.

2019 மே மாதம் லூதியானாவில் நடைபெற்ற தொடரில் 12 அணிகள் இரு பிரிவுகளாக ஆடின. மே 22 அன்று நடந்த இறுதியாட்டத்தில் சேது கழகம் மணிப்பூர் காவல்துறை அணியை 3–1 என்ற கணக்கில் வென்று வாகை சூடியது. தமிழ்நாட்டு அணி ஒன்று இப்பட்டத்தை வென்றது அதுவே முதல் முறை. மே 5இல் தொடங்கிய தொடர் மூன்று வாரங்கள்கூட நீடிக்கவில்லை.

பின்னர் 2022–23 பருவத்தில் கோகுலம் கேரளா அணியில் ஆடினார். அகமதாபாத்தில் நடந்த இறுதியாட்டத்தில் அவ்வணி கிக்சுடார்ட் அணியை 5–0 என வென்றது. 2023–24இல் லீக் ஏழு அணிகளுடன், சொந்த ஊரிலும் எதிரணியின் ஊரிலும் ஆடும் முறைக்கு மாறியது. அப்பருவத்தில் பட்டம் வென்ற ஒடிசா அணியிலும் இந்துமதி இருந்தார். அப்போது அவருக்கு வயது முப்பதை நெருங்கியிருந்தது. மாதக்கணக்கில் நீளும் உண்மையான லீக் ஒன்று அவரது தலைமுறைக்குக் கிடைத்தபோது ஆட்ட வாழ்வின் பெரும்பகுதி கடந்துவிட்டிருந்தது.

தேசிய அணி

2016 தெற்காசியப் பெண்கள் காற்பந்துப் போட்டியின் இறுதியாட்டம் 2017 சனவரி 4 அன்று சிலிகுரியில் நடைபெற்றது. இந்தியா வங்காளதேசத்தை 3–1 என வென்றது. மூன்றாவது கோலை இந்துமதி அடித்தார். 2019 மார்ச்சில் நேபாளத்தின் விராட்நகரில் நடந்த அடுத்த போட்டியின் அரையிறுதியில், அதே வங்காளதேசத்துக்கு எதிராக 4–0 என்ற வெற்றியில் இரு கோல்கள் இவருடையவை. இந்தியா ஐந்தாவது முறையாகத் தொடர்ந்து கோப்பையை வென்றது.

அதற்கு அடுத்த மாதம் மியான்மரில் ஒலிம்பிக் தகுதிகாண் இரண்டாம் சுற்று நடந்தது. இந்தியா இந்தோனேசியாவையும் நேபாளத்தையும் வென்று, மியான்மருடன் 3–3 எனச் சமன் செய்தது. இரு அணிகளும் 7 புள்ளிகள் பெற்றிருந்தும், கோல் வேறுபாட்டில் முந்திய மியான்மரே அடுத்த சுற்றுக்குச் சென்றது.

காவல்துறைப் பணியும் மாநில அணியும்

இந்தியாவில் பெண்கள் காற்பந்து மட்டுமே வாழ்வாதாரமாவது அரிது. இரயில்வே, காவல்துறை போன்ற அரசுப் பணிகளே வீராங்கனைகள் பலருக்கு நிலையான வருவாய் தருபவை. லூதியானா இறுதியில் எதிரே நின்றதும் ஒரு காவல்துறை அணிதான் என்பதை இங்கு நினைவுகூரலாம். 2020இல் கொரோனா ஊரடங்கின்போது, நாட்டின் விளையாட்டரங்குகள் மூடப்பட்டிருக்க, இந்துமதி சென்னையில் சீருடையுடன் சாலைக் கண்காணிப்புப் பணியில் இருந்தார்.

2022 சனவரியில் இந்தியாவில் நடைபெற்ற ஆசியக் கோப்பைக்கான அணியிலும் இடம்பெற்றார். முதல் ஆட்டத்தில் ஈரானுடன் 0–0 எனச் சமன் செய்த இந்தியா, வீராங்கனைகள் பலருக்குத் தொற்று ஏற்பட்டதால் சீன தைப்பேயுடனான அடுத்த ஆட்டத்துக்குப் போதிய எண்ணிக்கையில் களமிறங்க இயலாமல் விலக நேர்ந்தது. விதிப்படி, ஆடி முடித்த ஈரான் ஆட்டமும் செல்லாததாயிற்று.

மாநில அணியின் சட்டையில் இவர் பெற்ற வெற்றிகள் நிலைத்தன. 2018 பிப்ரவரியில் கட்டக்கில், இப்போட்டியை மிக அதிக முறை வென்ற மணிப்பூரை 2–1 என வீழ்த்தித் தமிழ்நாடு முதன்முறையாகத் தேசியப் பெண்கள் பட்டத்தை வென்றபோது ஒரு கோல் இந்துமதியுடையது. ஐந்தாண்டுகளுக்குப் பின், 2023 சூன் 28 அன்று அமிர்தசரசில் அரியானாவை அதே 2–1 கணக்கில் வென்று தமிழ்நாடு இரண்டாம் முறை பட்டம் பெற்றது. அவ்வாட்டத்தில் தமிழ்நாட்டின் இரண்டாவது கோலை அடித்தவரும் இவரே.