தணிக்கைக்கு அகப்படாத கேலி



கல்முனை, சம்மாந்துறை, நிந்தவூர் வட்டைகளில் கதிர் முற்றும் பருவத்திலே பறவை விரட்டுவோர் எழுப்பும் குரலை நாம் நன்கறிவோம். அந்தக் குரலே ஒரு பேரரசை நடுங்கச் செய்த கதையை இன்று கூற விரும்புகிறேன்.

வள்ளி திருமண நாடகத்தில் வள்ளி தினைப்புனம் காக்கிறாள். பறவை விரட்டும் அக்காட்சியில், மதுரகவி பாஸ்கரதாஸ் இயற்றிய கொக்குப் பாட்டைத் தமிழகத்து நடிகர் விசுவநாததாஸ் பாடுவார். வெள்ளைக் கொக்கு எதுவென்று அவையோர் அறிந்தனர். காவல் துறையினரும் அறிந்தனர். நாடகங்களைத் தடைசெய்யும் அதிகாரத்தை 1876ஆம் ஆண்டுச் சட்டம் அரசுக்கு அளித்திருந்தது. விசுவநாததாஸ் பன்முறை சிறை சென்றார். எனினும் பாட்டை விட்டாரில்லை. 1940 டிசம்பர் 31ஆம் நாள், சென்னையில் முருக வேடத்துடன் மயில்மீது அமர்ந்திருந்தபோதே உயிர் நீத்தார்.

அந்நியர் சென்றபின் தணிக்கையும் சென்றுவிட்டதா? இல்லை. தமிழகத்திலே 1954ஆம் ஆண்டு புதியதொரு நாடகச் சட்டம் பிறந்தது. எம். ஆர். ராதாவின் நாடகங்களே அதற்குப் பெரிதும் காரணமாயின. காலைப் பத்திரிகையிற் கண்ட செய்தியை மாலை மேடையிலே கேலி செய்பவர் அவர். எழுத்துப் பிரதியைக் கேட்டு வாங்கலாம். அன்றன்று நாவிற் பிறக்கும் சொல்லை முன்கூட்டியே வாங்குவது எவ்வாறு? எழுத்தாளர் ஞாநி தொடுத்த வழக்கில், அச்சட்டத்தின் முக்கிய பிரிவுகள் அரசியலமைப்புக்கு முரணானவை என்று சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2013ஆம் ஆண்டிலேதான்.

நம் இலங்கையிலும் 1912ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் மேடைக் காட்சிகளைக் கட்டுப்படுத்தியது. ஆங்கிலேயர் ஆட்சியில் பிறந்த அது, 1948இல் சுதந்திரம் வந்த பின்னரும் நெடுங்காலம் நிலைத்தது. பிரதியைச் சபையிடம் சமர்ப்பித்து அனுமதி பெற்ற பின்னரே திரை விலகவேண்டும் என்பது நடைமுறை.

தணிக்கையாளர் சொற்களை அடிக்கலாம். நடிகனின் புருவ நெளிவையும், குரலின் ஏற்ற இறக்கத்தையும், அவையின் சிரிப்பையும் எந்த மையினால் அடிப்பது? ஆயினும், அதை மட்டும் எண்ணி மகிழ்ந்திருக்க முடியாது. புகழ் பெற்ற நடிகனைச் சிறையிட்டால் ஊர் கேட்கும். அனுமதி கிட்டுமோ என்றஞ்சிச் சிற்றூர் இளைஞன் எழுதாமலே விட்ட நாடகத்தை யார் கேட்பார்? தணிக்கையின் பெருங்கேடு அடித்த வரிகளில் இல்லை; அச்சத்தால் பிறவாது போன வரிகளிலேயே உள்ளது.