கடல் கடந்தவர்களின் கதை சொன்ன சிங்காரம்



நம் தோட்டத்து வீடுகளில் தாத்தாவோ பாட்டியோ அந்தக் காலத்துக் கதையைத் தொடங்கினால், பிள்ளைகள் எழுந்து போய்விடுகிறார்கள். "பழங்கதைதானே!" என்கிறார்கள். அத்தகைய பழங்கதைகளையே எழுதித் தமிழ் நாவலில் தனியிடம் பெற்ற ஒருவர் உண்டு. அவர்தாம் ப. சிங்காரம்.

சிங்காரம் 1920ஆம் ஆண்டு தமிழ்நாட்டில், இன்றைய சிவகங்கை மாவட்டத்துச் சிங்கம்புணரியில் பிறந்தார். மதுரையில் பள்ளிப் படிப்பு. 1938இல், பதினெட்டாம் வயதில், பிழைப்புத் தேடிக் கப்பலேறிச் சுமத்ராவின் மேடான் நகருக்குப் போனார். மலாக்கா நீரிணையின் அக்கரையில், ஏறக்குறையப் பினாங்குக்கு எதிரே இருக்கும் ஊர் அது. அங்கே தமிழர் கடையொன்றில் வேலை பார்த்தார். ஓய்வு நேரத்தில் நூலகத்தில் டால்ஸ்டாய், ஹெமிங்வே போன்றோரின் நாவல்களைப் படித்தார். கல்லூரி வாசலை மிதிக்காதவருக்கு அந்த நூலகமே கல்லூரி ஆயிற்று.

பிறகு யுத்தம் வந்தது. 1942 ஜனவரி 31ஆம் நாள் பிரிட்டிஷ் படை ஜொகூரைக் கைவிட்டுப் பாலத்தை உடைத்துக்கொண்டு சிங்கப்பூருக்குப் பின்வாங்கியது நாம் அறிந்ததே. பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்தது. மார்ச் மாதத்தில் சுமத்ராவும் ஜப்பானியர் கைக்குப் போயிற்று. மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்கள் சயாம் ரயில் பாதை போடக் கொண்டுசெல்லப்பட்டார்கள். 1943இல் நேதாஜி வந்ததும், பால்வெட்டிய கைகள் பல இந்திய தேசிய இராணுவத்தில் துப்பாக்கி ஏந்தின.

அந்தக் காலத்தை நேரில் கண்ட சிங்காரத்தின் சொந்த வாழ்விலும் துயரம் குறைவில்லை. மேடானில் மணந்த மனைவியும் குழந்தையும் பிரசவத்தில் இறந்துபோயினர். 1946இல் தனியாளாகத் தமிழ்நாடு திரும்பினார். மதுரையில் தினத்தந்தி நாளிதழில் சேர்ந்து, 1987 வரை பணியாற்றினார். மறுமணம் செய்துகொள்ளவில்லை.

அவர் எழுதிய நாவல்கள் இரண்டே. 1950இல் எழுதிய 'கடலுக்கு அப்பால்' 1959இல்தான் நூலாயிற்று. நேதாஜி படையிலிருந்து திரும்பிய செல்லையா, முதலாளியின் மகள் மரகதத்தை விரும்புகிறான். துப்பாக்கி பிடித்தவனுக்கு மகளைக் கொடுக்க முதலாளிக்கு மனம் வரவில்லை. யுத்தம் முடிந்த பின்னும் மனிதனுக்குள் அது முடிவதில்லை என்பதை அந்தக் கதை காட்டுகிறது.

இரண்டாவது நாவல் 'புயலிலே ஒரு தோணி'. எழுதிப் பத்தாண்டுகள் காத்திருந்து 1972இல் வெளிவந்தது. கதாநாயகன் பாண்டியன் மேடானிலிருந்து தொங்கானில் பினாங்குக்கு வருகிறான். நடுக்கடலில் புயல். போரிலும் பிழைத்தவன், கடைசியில் ஊர் திரும்ப முடியாமலே மாண்டுபோகிறான். அந்த நாவலில் மலாய்ச் சொல்லும் சீனச் சொல்லும் தமிழோடு கலந்து வருகின்றன. கடல் கடந்து பிழைக்க வந்தவர்கள் எப்படிப் பேசினார்களோ, அப்படியே எழுதினார் சிங்காரம்.

இங்கே நாங்கள் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். பிள்ளைகளின் கட்டுரையில் தோட்டத்துப் பேச்சைக் கண்டால், ஆசிரியர்களாகிய நாங்கள் சிவப்பு மையால் அடித்துவிடுகிறோம். இலக்கணம் கற்பிப்பது எங்கள் கடமைதான். ஆனால், வீட்டுப் பேச்சு தாழ்ந்தது என்ற எண்ணத்தையும் கூடவே ஊட்டிவிட்டோமோ என்று இவரைப் படித்த பின் தோன்றுகிறது. பாட்டியின் சொல் போனால், பாட்டியின் கதையும் போகும்.

சிங்காரம் 1997இல் காலமானார். வாழும் நாளில் அவருக்குப் பெரும் புகழ் கிட்டவில்லை. மூன்றாவது நாவல் எழுதவுமில்லை. ஆனாலும் அவர் எழுதிவைத்ததால் அந்தத் தலைமுறை நமக்குத் தெரிகிறது.

அந்த யுத்தத்தைக் கண்டவர்கள் இன்று மிகச் சிலரே. அவர்கள் சொல்லக் கேட்டவர்களும் முதியவர்களாகிவிட்டார்கள். பல தோட்டங்களில் லயங்களும் இல்லை. ஆகவே, பெற்றோர்களே, இன்றிரவு உங்கள் பிள்ளையிடம் ஒரு நோட்டுப் புத்தகத்தைக் கொடுங்கள். நம் குடும்பத்தில் கப்பலேறி வந்தவர் யார்? முதலில் எந்தத் தோட்டத்தில் பேர் பதிந்தார்? சயாமுக்குப் போனவர் யார், திரும்பி வந்தவர் யார்? பெரியவர்கள் சொல்லட்டும், பிள்ளை எழுதட்டும். அவர்கள் சொன்ன சொல்லிலேயே எழுதட்டும். அந்தப் பக்கத்தில் நாங்கள் சிவப்பு மை வைக்க மாட்டோம்.