அயலார் நடுவே ஒரு சிறுமொழி

ஒரு சிறு கூட்டத்தார் பேசும் மொழி, அயல்மொழிகளின் நடுவே பல நூற்றாண்டுகள் வாழ நேரின், அதன் எப்பகுதி மாறும்? எப்பகுதி நிலைக்கும்? விடை காண, பாக்கிஸ்தானிலுள்ள பலூசிஸ்தான் மலைநாட்டிற்குச் செல்வோம். அங்கே கலாத் நகரைச் சூழ்ந்த பகுதியில் வழங்கும் பிராகூய் மொழி, தமிழைப் போன்றே திராவிடக் குடும்பத்தைச் சேர்ந்தது. பிற திராவிட மொழிகள் யாவும் அதற்கு ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால் உள்ளன. சுற்றிலும் இருப்பவை பலூச்சி, பாரசீகம், சிந்தி முதலிய வேற்றினத்து மொழிகள்.

டெனிஸ் பிரே என்னும் ஆங்கில அதிகாரி 1909ஆம் ஆண்டில் இம்மொழிக்கு விரிவான இலக்கணம் வெளியிட்டார். எமனோ என்னும் அமெரிக்கப் பேராசிரியர் 1962இல் அதனைப் பிற திராவிட மொழிகளோடு ஒப்பிட்டு ஒரு நூல் எழுதினார். இத்தகைய ஆய்வுகள் நமக்குக் காட்டுவன யாவை?

முதலில் சொற்களைக் காண்போம். கண், கல் என்னும் நம் சொற்கள் அங்கும் உள்ளன. ககரம் மட்டும் தொண்டையில் உரசி ஒலிக்கும். முன்னிலை ஒருமைக்கு 'நீ' என்றும், பன்மைக்கு 'நும்' என்றும் கூறுவர். பழந்தமிழ் பயின்றோர்க்கு 'நும்' புதிதன்று. ஆனால் எண்ணுப்பெயர்களைப் பாருங்கள். ஒன்று, இரண்டு, மூன்று என்பவற்றை 'அசிட், இரட், முசிட்' என்பர். இவை மூன்றும் திராவிடச் சொற்கள். நான்கு முதல் மேற்பட்டவையோ ஈரானிய மொழிகளிலிருந்து கடனாகப் பெற்றவை. வீட்டிற்குள் வழங்கும் சிற்றெண் தங்கிவிட்டது. சந்தையில் பிறரோடு வழங்கும் பேரெண் மாறிவிட்டது எனக் கருத இடமுண்டு.

மாற்றம் சொல்லோடு நிற்கவில்லை. பலூச்சி மொழியில் எகர ஒகரக் குறில்கள் இல்லை. அதன் தொடர்பால் பிராகூயும் அக்குறில்களை இழந்தது. நாம் ஒருவர் கூற்றை முன்னே சொல்லிப் பின் 'என்று சொன்னான்' என முடிக்கிறோம். அவர்களோ 'சொன்னான்' என்பதை முதலில் கூறி, 'கி' என்னும் பாரசீக இடைச்சொல்லை இட்டு, கூற்றைப் பின்னே வைப்பர். உயர்திணை, அஃறிணை என்னும் பாகுபாடும் அம்மொழியில் இன்று இல்லை. எனினும் 'வாரான்', 'செய்யான்' என நாம் வினைக்குள்ளேயே எதிர்மறையை அமைப்பது போன்ற முறை அங்கு இன்றும் உயிரோடிருக்கிறது. இத்துணைக் கடன் பெற்றும் அது பலூச்சியாகிவிடவில்லை.

இம்மாற்றங்களுக்குக் காரணம் படையெடுப்பு ஒன்றே அன்று. பதினேழாம் நூற்றாண்டு முதல் கலாத் கான்களின் ஆட்சியில் பிராகூயரும் பலூச்சியரும் ஒரே அரசின் குடிகளாய் வாழ்ந்தனர். அரசவை மொழியாகப் பாரசீகம் விளங்கிற்று. பலர் இருமொழி பேசினர். இருமொழி பேசுவோர் நாவில், ஒன்றன் ஒலியும் தொடரமைப்பும் மற்றொன்றில் புகுதல் இயல்பே.

இங்கு ஓர் உண்மையைத் தெளிதல் வேண்டும். கடன் வாங்குவதால் மொழி இறப்பதில்லை. பெற்றோர் அதனைத் தம் மக்களோடு பேசாது விடும் நாளிலேயே இறக்கிறது. பிராகூயைப் பேசுவோர் பல இலட்சவர் உளர். ஆயினும், யுனெஸ்கோ 2009இல் வெளியிட்ட பட்டியலில், நலியும் நிலையிலுள்ள மொழிகளுள் ஒன்றாக அது இடம்பெற்றது.

உங்கள் வகுப்பிலும் மலையூர்ப் பேச்சோ, கடற்கரைப் பேச்சோ, வீட்டில் வேறொரு சிறுமொழியோ பேசும் தோழர் இருக்கலாம். அவர் பேச்சைக் கேட்டு நகைத்தால், அவர் அதனை வீட்டிலும் பேச நாணுவார். அவர் பிள்ளைகள் அதனை அறியார். நகைப்பதை விடுத்து, அவர் பாட்டியார் வழங்கும் சொற்கள் பத்தைக் கேட்டு எழுதிவையுங்கள். பிரே தொடங்கிய பணியும் அவ்வாறு மக்கள் வாய்ச்சொல்லைக் காது கொடுத்துக் கேட்டதேயாகும்.