ஒரு தாயின் கடிதமும் ஒட்டும் நாடாவும்

தண்ணீர்க் குழாயில் வெடிப்பா? வாளியில் விரிசலா? பெட்டியின் ஓரம் பிரிந்துவிட்டதா? உடனே நாம் தேடுவது 'டக்ட் டேப்' என்னும் வெள்ளி நிற நாடாவைத்தான். ஆனால் அது பிறந்த கதையை அறிந்தவர் நம்மில் எத்தனை பேர்? அதற்கு வித்திட்டவர் விஞ்ஞானி அல்லர். இரு கடற்படை வீரர்களின் தாய்!

இரண்டாம் உலகப் போர் நடந்த காலம். அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்து வெடிமருந்துத் தொழிற்சாலை ஒன்றில் வெஸ்டா ஸ்டவுட் என்ற பெண்மணி பணிபுரிந்தார். அங்கே தோட்டாப் பெட்டிகளைக் காகித நாடாவால் ஒட்டி, ஈரம் புகாதிருக்க மெழுகில் தோய்ப்பார்கள். நாடாவின் நுனியைப் பிடித்து இழுத்தால் பெட்டி திறக்க வேண்டும். ஆனால் மெல்லிய நுனியோ கையோடு அறுந்து வந்துவிடும். எதிரி சுடும் வேளையில் வீரன் பெட்டியோடு போராடினால் அவன் கதி என்ன? தம் மைந்தரை நினைத்துத் தாயுள்ளம் பதறியது.

நீர் புகாத உறுதியான துணி நாடாவைப் பயன்படுத்தலாம் என்று மேலாளர்களிடம் கூறினார். யோசனை நன்று என்றார்களே தவிர, செயலில் ஒன்றும் நடக்கவில்லை. அவர் சோர்ந்துவிடவில்லை. 1943 பிப்ரவரி 10 அன்று குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டுக்கே படம் வரைந்து கடிதம் எழுதினார்! தலைவர் அதைப் போர் உற்பத்தி வாரியத்துக்கு அனுப்ப, வாரியமும் யோசனையை ஏற்றது. மருத்துவப் பிளாஸ்திரி தயாரித்து அனுபவம் பெற்றிருந்த ஜான்சன் அண்டு ஜான்சன் நிறுவனம் புதிய நாடாவைச் செய்தது.

இந்நாடாவில் மூன்று அடுக்குகள் உண்டு. மேலே நீரைத் தடுக்கும் பூச்சு. நடுவே வலிமை தரும் துணி. அடியில் ரப்பர் கலந்த பசை. துணியின் இழை நேராகக் கிழிவதால் கத்தரிக்கோலும் தேவையில்லை. போருக்குப் பின் வீடுகளில் காற்றுக் குழாய்களை இணைக்க இது பயன்பட்டது. குழாயின் நிறத்துக்கேற்ப வெள்ளி நிறமும் பெற்றது.

1970 ஏப்ரலில் அப்போலோ 13 விண்கலம் பழுதடைந்தபோது, கரியமிலவாயுவை அகற்றும் சதுரப் பெட்டிகள் வட்ட வடிவ அமைப்பில் பொருந்தவில்லை. பிளாஸ்டிக் பைகள், அட்டை, குழாய் ஆகியவற்றோடு இத்தகைய நாடாவும் சேர்ந்தே மூன்று வீரர்களின் மூச்சைக் காத்தது.

குறையைக் கண்டு முணுமுணுப்பவர் பலர். அதற்கு வழியும் கண்டு, மறுத்தாலும் தளராமல் எடுத்துரைப்பவர் சிலரே. அச்சிலருள் ஒருவராக விளங்க மாணவியராகிய நாமும் முயல்வோமாக!