மாடி பஸ்ஸும் மாரடைப்பும்

இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு பிரிட்டனில் மாரடைப்பு கூடிக்கொண்டே போனது. காரணம் யாருக்கும் பிடிபடவில்லை. செய்கிற வேலைக்கும் இதயத்துக்கும் தொடர்பு இருக்குமோ என்று சந்தேகப்பட்டவர் ஜெர்ரி மோரிஸ் என்ற மருத்துவர். அதைச் சோதித்துப் பார்க்க அவருக்கு வாய்த்த இடம் லண்டனின் மாடி பஸ். ஒரே வண்டி, ஒரே ரூட், ஏறக்குறைய ஒரே மாதிரிக் குடும்பத்திலிருந்து வந்த இரண்டு பேர். டிரைவர் வேலை நேரம் முழுக்க உட்கார்ந்தே இருப்பார். கண்டக்டர் டிக்கெட் கொடுக்க மேல்தட்டுக்கும் கீழ்த்தட்டுக்கும் ஏறி இறங்கியபடி இருப்பார். ஒரு நாளைக்கு 500 முதல் 750 படிகள்.

சுமார் 31,000 ஊழியர்களின் நோய்ப் பதிவுகளைப் புரட்டி, 1953-இல் லான்செட் மருத்துவ இதழில் மோரிஸ் குழு முடிவை வெளியிட்டது. கண்டக்டர்களுக்கு இதய நோய் குறைவு. வந்தாலும் பிந்திய வயதில் வந்தது. சட்டென்று ஆளைச் சாய்ப்பதும் குறைவாக இருந்தது. நம் டவுன் பஸ்ஸில், பின்வாசல் பக்கத்து சீட்டில் உட்கார்ந்தபடியே ‘பாஸ் பண்ணுங்க’ என்று காசை வாங்கிப் போடும் கண்டக்டர்களை வைத்து இதே ஆய்வைச் செய்திருந்தால் என்ன வந்திருக்குமோ!

மோரிஸ் அத்தோடு விட்டுவிடவில்லை. ஏற்கெனவே தொந்தி உள்ளவர்கள்தான் டிரைவர் வேலைக்குப் போகிறார்களோ என்று ஒரு கேள்வி எழுந்தது. யாரையும் கூப்பிட்டு அளவெடுக்க வேண்டியிருக்கவில்லை. சீருடை தைத்துக் கொடுப்பதற்காக எடுத்த இடுப்பளவுகள் நிர்வாகத்திடமே இருந்தன. எல்லா வயதிலும் டிரைவர்களின் இடுப்பு பெரிதாகவே இருந்தது, இளைஞர்களிடம்கூட. அப்படியானால் சந்தேகத்தில் பாதி நியாயம்தான். ஆனால் ஒல்லியான டிரைவரை ஒல்லியான கண்டக்டரோடும், பருத்தவரைப் பருத்தவரோடும் ஒப்பிட்டுப் பார்த்தபோதும் டிரைவர் பக்கமே ஆபத்து தூக்கலாக இருந்தது.

படியேறியவரை வைத்து உலகம் உடற்பயிற்சியின் அருமையைக் கற்றுக்கொண்டது. உட்கார்ந்திருந்தவருக்கு உள்ளே என்ன நடந்தது என்ற கேள்வி பல பத்தாண்டுகள் அப்படியே கிடந்தது.

நடக்கும்போது தொடையும் கெண்டைக்கால் தசையும் சுருங்கி விரிகின்றன. சுருங்கும் தசை இன்சுலினின் தயவை எதிர்பார்க்காமலே ரத்தத்திலிருந்து சர்க்கரையை இழுத்துக்கொள்ளும். உட்கார்ந்ததும் இந்த வேலை ஏறக்குறைய நின்றுபோகிறது. ரத்தத்தில் ஓடும் கொழுப்பைப் பிரித்துத் தசைக்கு ஊட்டும் லிப்போபுரோட்டீன் லைப்பேஸ் என்ற நொதியும், கால் தசைகள் சும்மா கிடந்தால் மங்கிவிடுவதை மார்க் ஹாமில்டன் என்ற அமெரிக்க ஆய்வாளர் எலிகளிடம் கண்டார். கெண்டைக்கால் தசைக்கு இன்னொரு வேலையும் உண்டு: பாதத்தில் இறங்கிய ரத்தத்தைப் பிழிந்து மேலே அனுப்புவது. சாயங்காலம் ஷூவைக் கழற்றினால் சாக்ஸின் பட்டை கணுக்காலில் பள்ளமாகப் பதிந்திருக்கிறதே, நாள் முழுக்க அந்த வேலை சரியாக நடக்காததும் அதற்கு ஒரு காரணம். இடுப்புவலி, கழுத்துவலி பற்றி இங்கே சொல்ல வேண்டியதில்லை. அவை தாமே சத்தம்போட்டுச் சொல்லிவிடும். சர்க்கரைதான் சத்தமில்லாமல் ஏறுகிறது.

“காலையில் வாக்கிங் போய்விடுகிறேனே, போதாதா?” என்பார்கள். எவ்வளவு நேரம் என்பதைப் பொறுத்தது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோரின் தரவுகளைத் திரட்டி 2016-இல் லான்செட்டில் வந்த ஆய்வு, தினம் 60 முதல் 75 நிமிடம் வேகமாக நடக்கும் அளவுக்கு உடலுழைப்பு இருந்தால், எட்டு மணி நேரத்துக்கு மேல் உட்காருவதால் கூடும் மரண ஆபத்து ஏறக்குறைய ஈடாகிவிடுகிறது என்றது. பார்க்கை இரண்டு சுற்றுச் சுற்றிவிட்டு, காபியும் வடையுமாக முடியும் வாக்கிங் இந்தக் கணக்கில் சேராது.

அவ்வளவு நேரத்துக்கு எங்கே போவது என்பவர்களுக்கு, கொலம்பியா பல்கலைக்கழகத்தின் கீத் டயஸ் குழு 2023-இல் வெளியிட்ட சோதனை உபயோகப்படும். 11 பேரை வெவ்வேறு நாள்களில் எட்டு மணி நேரம் நாற்காலியில் உட்காரவைத்தார்கள். அரை மணிக்கு ஒரு நிமிடம், அரை மணிக்கு ஐந்து நிமிடம், ஒரு மணிக்கு ஒரு நிமிடம், ஒரு மணிக்கு ஐந்து நிமிடம் என்று மாற்றி மாற்றி நடக்கவிட்டார்கள். ஒரு நாள் நடையே இல்லை. எப்படி நடந்தாலும் ரத்த அழுத்தம் நான்கைந்து புள்ளி குறைந்தது. சாப்பிட்ட பின் எகிறும் சர்க்கரையைக் கணிசமாக அடக்கியது அரை மணிக்கு ஐந்து நிமிடம் நடந்தது மட்டுமே. நாள் முழுக்க உட்கார்ந்திருந்தபோது ஏறியதைவிட 58 சதவீதம் குறைவு. 11 பேர் என்பது சின்னக் கூட்டம்தான். ஆனாலும் அரை மணிக்கு ஒரு தடவை சீட்டை விட்டு எழுந்து ஐந்து நிமிடம் நடப்பதற்கு இந்தச் சான்று போதும்.

உட்காருவது கெடுதல் என்றால் நின்றே வேலை பார்க்கலாமே என்று உயர மேசைகள் விற்பனைக்கு வந்தன. நிற்பதால் கூடுதலாக எரிவது மணிக்குப் பத்துக் கலோரிகூட இல்லை. கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட ஊழியர்களை 12 ஆண்டுகள் கவனித்த ஆய்வில், பெரும்பாலும் நின்றே வேலை பார்த்தவர்களுக்கு உட்கார்ந்து பார்த்தவர்களைவிட இதய நோய் ஏறக்குறைய இரு மடங்கு. நின்று நின்று கால் நரம்பு சுருண்டுபோன ஜவுளிக்கடைப் பெண்களிடம் கேட்டால் ஆய்வே தேவையில்லை. அவர்களுக்கு இருக்கை கொடுக்க வேண்டும் என்று கேரளம் 2018-இலும் தமிழ்நாடு 2021-இலும் சட்டத்தைத் திருத்தின. பகல் முழுக்க நிற்பவருக்கும் பகல் முழுக்க உட்கார்ந்திருப்பவருக்கும் குறை ஒன்றுதான்: கால் அசையவில்லை.

அசைப்பதற்குச் செலவில்லை. போன் வந்தால் எழுந்து நடந்தபடி பேசலாம். பெரிய தண்ணீர் பாட்டிலுக்குப் பதில் சின்னதை வைத்துக்கொண்டால், நிரப்புவதற்கென்றே எழுந்தாக வேண்டும். டீயை மேசைக்கு வரவழைக்காமல் கீழே இறங்கிப் போய்க் குடிக்கலாம், சர்க்கரை குறைவாக. எழுந்திருக்கவே முடியாத டிரைவர்கள், சிக்னலில் முடியாவிட்டாலும் டெர்மினஸில் வண்டி நிற்கும்போதாவது இறங்கி, குதிகாலைத் தூக்கித் தூக்கி இறக்கலாம்.

இதற்கெல்லாம் பெரிய தடை சோம்பேறித்தனம் என்று எனக்குத் தோன்றவில்லை. ‘எப்பப் பார்த்தாலும் சீட்ல ஆளைக் காணோம்’ என்று மேனேஜர் சொல்லிவிடுவாரோ என்ற பயம்தான். கால் சென்டரில் சீட்டை விட்டு எழுந்த நிமிடங்களைக் கம்ப்யூட்டரே எண்ணி வைக்கிறது. கழிப்பறைக்குப் போய்வந்த நேரமும் அதில் சேர்த்தி. அங்கே வேலை பார்ப்பவரிடம் அரை மணிக்கு ஒரு தடவை நடங்கள் என்று சொல்லி என்ன பயன்? அந்த ஐந்து நிமிடத்தை இடைவேளைக் கணக்கில் கழிக்காமல் விடும் அதிகாரம் ஷிஃப்ட் போடுகிறவரிடம் இருக்கிறது.